கட்டைவிரலுக்கு ஒரு டிவி கேம்

நான் புருவம் எடுப்பவள். பிரிக்பீல்ட்ஸில் ஒரு மாடிக் கடையில், என்னைவிட மூத்த அக்கா ஒருவரோடு கூட்டாகப் பார்லர் நடத்துகிறேன். முடி வெட்டுவது, சாயம் போடுவது, மணப்பெண் அலங்காரம் எல்லாம் அவர். நூல் என்னுடையது. நூலின் ஒரு முனையைப் பல்லில் கடித்துக்கொண்டு, மீதியை இரண்டு கைகளுக்கு நடுவே முறுக்கி, வலது கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் விரித்து மூடினால் முடி வேரோடு வந்துவிடும். இதில் நான் கெட்டிக்காரி. அடக்கமாகச் சொல்ல எனக்கு வராது. சிரம்பானிலிருந்து ரயில் பிடித்து வந்து, "அவங்க எடுத்தாதான் எடுத்துக்குவேன்" என்று காத்திருக்கும் பெண்கள் உண்டு.

அந்த வலது கட்டைவிரலைத்தான் கிள்ளானில் என் வீட்டுச் சமையலறையில் அறுத்துக்கொண்டேன். கண்ணாடித் தம்ளருக்குள் கையை விட்டுத் தேய்த்தபோது அது உடைந்தது, அவ்வளவுதான். ரத்தம் எனக்குப் பயமில்லை. குழாய்த் தண்ணீரில் கையைக் கழுவிவிட்டு விரலை மடக்கிப் பார்த்தேன். நுனி மூட்டு அசையவில்லை. அப்போதுதான் பயம் வந்தது. கணவர் துறைமுகத்தில் வேலையில் இருந்தார். பக்கத்து வீட்டுச் சீன ஆன்டி தன் காரில் ஏற்றிக்கொண்டு போய் ஆஸ்பத்திரியில் சேர்த்தார். வழியெல்லாம் அவர்தான் அழுதார். நான் துண்டால் சுற்றிய கையைத் தூக்கிப் பிடித்தபடி, அன்றைக்கு யார் யார் புருவத்துக்கு வருவதாகச் சொல்லியிருந்தார்கள் என்று யோசித்துக்கொண்டிருந்தேன்.

விரலை மடக்கும் நார் அறுந்திருந்தது. அறுவைசிகிச்சை செய்து தைத்து, கை அசையாதபடி பிளாஸ்டிக் அச்சு ஒன்றைக் கட்டி அனுப்பினார்கள். "வீட்டு வேலைக்குக் குறை இருக்காது" என்றார் டாக்டர். நான் என்ன தொழில் செய்கிறேன் என்று சொன்னதும், "அதைப் பொறுத்திருந்துதான் பார்க்கணும்" என்றார். டாக்டர்கள் இப்படிச் சொன்னால் என்ன அர்த்தம் என்று எல்லோருக்கும் தெரியும்.

பார்லர் அக்கா என்னைப் பார்க்க ஆரஞ்சுப் பழங்களோடு வந்தார். நாற்காலி நுனியில் உட்கார்ந்துகொண்டு, சொல்ல வந்ததை மெதுவாகச் சொன்னார்.

"நீ கவுண்டர்ல உட்கார்ந்து ஃபோன பாத்துக்கோ. நூலுக்கு ஒரு பொண்ணு வச்சுக்கலாம். கைய போட்டு வருத்தாத லா."

அவர் நல்ல மனசோடுதான் சொன்னார். "பொண்ணு வச்சுக்குங்க அக்கா, வேணாங்கல. ஆனா நான் திரும்பி வருவேன். என் நாற்காலிய எடுத்துராதீங்க" என்றேன். அவர் ஆரஞ்சை உரித்துச் சுளை சுளையாக என் இடது கையில் வைத்தார்.

அச்சைக் கழற்றிய பிறகு சிகிச்சைப் பயிற்சி தொடங்கியது. பயிற்சி கொடுத்தவர் கிள்ளானிலேயே பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண், என்னைவிட வயதில் மிகவும் இளையவர். சிரித்துக்கொண்டே கறாராக இருக்கத் தெரிந்தவர். ரப்பர் மாவைப் பிசையச் சொன்னார், துணி கிளிப்பை அமுக்கச் சொன்னார், பச்சைப் பயறைப் பொறுக்கி டப்பாவில் போடச் சொன்னார். கட்டைவிரல் கரண்டிக் காம்பு போல விறைத்து நின்றது. நுனி மூட்டு கொஞ்சம் மடங்குவதுபோல் பாவனை காட்டும், பிறகு நின்றுவிடும். மற்ற விரல்கள் அதற்குப் பதிலாக வேலையைச் செய்துவிட்டன. பயறைப் பொறுக்கப் பொறுக்கக் கொட்டாவிதான் வந்தது.

"உங்க கட்டைவிரல் சோம்பேறி ஆயிடுச்சு அக்கா. தையல் ஒட்டிக்கிட்டிருக்கு, பயமும் ஒட்டிக்கிட்டிருக்கு. அது வேலை செஞ்சே ஆகணும்னு ஒரு நிலைமை வரணும்" என்றார் அவர்.

அந்த நிலைமை சுபாங் ஜெயாவில் ஒரு பேரங்காடியில் வந்தது. வீட்டு மிக்சிக்கு ஜார் வாங்க நானும் கணவரும் போயிருந்தோம். அவர் பில் போட வரிசையில் நின்றார். பக்கத்தில் விளையாட்டுச் சாமான் கடை. கண்ணாடி அலமாரியில், உள்ளங்கையில் அடங்குகிற அளவுக்கு ஒரு சாம்பல் நிறப் பெட்டி. எங்கோ பார்த்த முகமாக இருந்தது. சின்ன வயதில் சாலாக் செலாத்தானில் எங்கள் வீட்டு டிவிக்கு அடியில், அம்மா பூத்துணி போட்டு மூடி வைத்திருந்த அதே டிவி கேம் பெட்டி. கேசட் சொருகும் வாய், இரண்டு பட்டன், சிவப்பு விளக்கு, எல்லாம் அப்படியே. யாரோ அதைத் துவைத்துச் சுருங்க விட்டது மாதிரி இருந்தது. பழைய விளையாட்டுப் பெட்டிகளைக் கம்பெனிக்காரர்களே இப்படிக் குட்டியாகத் திரும்பச் செய்து விற்கிறார்கள் என்று அப்போதுதான் எனக்குத் தெரியும்.

ஓரத்தில் ஒன்றை டிவியோடு இணைத்து, யார் வேண்டுமானாலும் விளையாடிப் பார்க்கலாம் என்று வைத்திருந்தார்கள். கண்ட்ரோலரை எடுத்தேன். தொப்பி போட்ட குட்டி மனிதன் ஓடி, தாவி, பள்ளம் தாண்டும் விளையாட்டு. இடது கட்டைவிரல் ஆளை நகர்த்தும் சிலுவைப் பட்டனில் தானாகப் போய் உட்கார்ந்தது. வலதைப் பட்டன்களின் மேல் வைத்தபோதுதான் ஒன்று புரிந்தது. ஓடுவதற்கு ஒரு பட்டன், தாவுவதற்கு அடுத்த பட்டன். வேகமாக ஓடிக்கொண்டே தாவ வேண்டுமென்றால், விரல் நுனியால் ஓடும் பட்டனை அழுத்திப் பிடித்தபடி, அதே விரலின் மூட்டால் தாவும் பட்டனைத் தட்ட வேண்டும். கட்டைவிரல் மடங்கி நிமிர்ந்தால்தான் நடக்கும். ஆள்காட்டி விரலை அங்கே உதவிக்கு அனுப்ப முடியாது.

என் ஆள் முதல் பள்ளத்திலேயே விழுந்து செத்தான். இரண்டாவது தடவையும் செத்தான். எனக்குக் கோபம் வந்தது. அடிபட்ட நாளிலிருந்து எனக்குக் கோபமே வந்ததில்லை, சலிப்புதான் வந்திருந்தது. அந்தக் கோபம் நல்லதாகப் பட்டது.

"பையனுக்கா, காக்?" என்று மலாயில் அக்கா போட்டுக் கேட்டாள் கடைப் பெண்.

"எனக்கு" என்றேன்.

மிக்சி ஜாரோடு வந்த கணவர் என் கையிலிருந்த பையைப் பார்த்தார். "இது எதுக்கு?" "விரலுக்கு மருந்து." அவர் என்னோடு பல வருஷம் குடித்தனம் செய்தவர். மேற்கொண்டு கேட்கவில்லை.

வீட்டில் விளையாடத் தொடங்குவதற்கு முன் பயிற்சிப் பெண்ணிடம் கொண்டுபோய்க் காட்டினேன். அவர் கண்ட்ரோலரைத் தன் கையில் வைத்து அழுத்திப் பார்த்தார், என் விரலை அதன்மேல் வைத்துப் பார்த்தார். "கொஞ்ச நேரம் விளையாடணும், நிறுத்தணும். வலிச்சா அப்பவே நிறுத்தணும். ஜெயிக்கணும்னு வெறி வந்தா கண்டிப்பா நிறுத்தணும்" என்றார். கடைசி நிபந்தனையை நான் அரைகுறையாகத்தான் கேட்டேன்.

வீட்டில் அதை இணைத்த கதை வேறு. மின்சாரத்துக்குப் பிளக் இல்லை, கணவரின் ஃபோன் சார்ஜரைப் பிடுங்கிச் சொருகினேன். கண்ட்ரோலர் ஒயர் அநியாயத்துக்குக் குட்டை. சோபாவிலிருந்து எட்டவில்லை. பிளாஸ்டிக் ஸ்டூலை டிவிக்கு முன்னால் போட்டு உட்கார்ந்தேன். கேசட் மூடியைத் திறக்கலாம் என்று நகத்தால் நெம்பினால், அது மூடியே இல்லை, வெறும் கோடு. உள்ளே எல்லா விளையாட்டையும் ஏற்கெனவே அடைத்து வைத்திருந்தார்கள். வேண்டிய இடத்தில் நிறுத்திச் சேமித்துக்கொள்ளும் வசதியும் புதிதாக இருந்தது. செத்தாலும் அதே இடத்திலிருந்து தொடரலாம். நான் அதைத் தொடவில்லை. பள்ளத்துக்கு அந்தப் பக்கம் போய் எனக்கு ஆக வேண்டியது ஒன்றுமில்லை. தாவுவதுதான் எனக்கு வேண்டியிருந்தது.

தினமும் காலையில் சமையல் முடித்ததும் ஸ்டூலில் உட்கார்வேன். முதலில் வெந்நீரில் கையை ஊறவைத்து, தழும்பை எண்ணெய் தொட்டு நீவிக்கொள்வேன். ஆரம்பத்தில் நடந்துதான் போனேன், ஓட முடியவில்லை. பிறகு ஓடினேன், தாவ முடியவில்லை. ஓடியபடியே தாவியது ஒரு செவ்வாய்க்கிழமை. அன்றைக்குக் கார்த்திகைப் பூஜைக்குக் கோயிலுக்குப் போக வேண்டியிருந்ததால் கிழமை ஞாபகமிருக்கிறது. ஸ்டூலிலிருந்து எழுந்து நின்று "ஆ!" என்று கத்தினேன். பக்கத்து வீட்டு ஆன்டி மறுபடியும் கையை அறுத்துக்கொண்டேன் என்று நினைத்து வாசலுக்கு ஓடி வந்துவிட்டார். அவரை உள்ளே கூட்டிவந்து காட்டினேன். அவர் தொப்பி மனிதனையும் பார்த்தார், என்னையும் பார்த்தார். "பைத்தியம்" என்று மலாயில் சொல்லி, என் தோளில் ஒன்று போட்டுவிட்டுப் போனார்.

என் அண்ணன் சுங்கை பூலோவில் செடி விற்கிறான். ஞாயிற்றுக்கிழமை ஒரு தொட்டி கறிவேப்பிலையைக் காரில் ஏற்றிக்கொண்டு என்னைப் பார்க்க வந்தவன், டிவிக்கு முன்னாலிருந்த பெட்டியைப் பார்த்ததும் செருப்பைக் கழற்ற மறந்து நின்றான்.

"ஏய் பாப்பா! இது எங்க கிடைச்சது?"

வயது நாற்பதைத் தாண்டியும் அவனுக்கு நான் பாப்பாதான். செருப்பை வாசலில் விட்டுவிட்டு வந்து, கேட்காமலே முதல் கண்ட்ரோலரை எடுத்துக்கொண்டான். சின்ன வயதிலும் அப்படித்தான். அவன் முதல் ஆள், நான் இரண்டாவது. அவன் செத்தால்தான் எனக்கு முறை வரும்.

"அண்ணே, அத இங்க குடு. இனிமே நான்தான் முதல்."

"நீ கை சரியில்லாத ஆள். நான் கொஞ்சம் சூடு ஏத்திக் குடுக்கிறேன்."

"குடுன்னா குடு."

கொடுத்தான். நான் ஆடத் தொடங்கினேன். முதல் கட்டம் முடிந்தது. சுரங்கத்துக்குள் போனேன், வெளியே வந்தேன். அண்ணன் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தவன், கொஞ்சம் கொஞ்சமாக முன்னால் நகர்ந்தான். என் ஆள் சாகவே இல்லை. "சேவ் பண்ணி சேவ் பண்ணி ஏமாத்துறியா?" என்றான். "கண்ண வச்சுப் பாரு" என்றேன். அதற்குப் பிறகு அவன் டிவியைப் பார்க்கவில்லை, என் கையைப் பார்த்தான். தழும்பு இன்னும் சிவப்பாகத்தான் இருந்தது. அதற்கு மேலே விரல் மடங்கி நிமிர்ந்து, மடங்கி நிமிர்ந்து வேலை செய்துகொண்டிருந்தது.

"ஆஸ்பத்திரில கிடந்தப்ப இது போச்சுன்னு நினைச்சேன். உங்கிட்ட சொல்லல" என்றான்.

"நான் நினைக்கல" என்றேன். அது உண்மை. சலித்தேன், கோபப்பட்டேன். போய்விட்டது என்று மட்டும் ஒருநாளும் நினைக்கவில்லை.

கடைசியில் என் ஆள் நெருப்பில் விழுந்து, அவனுக்கு முறை வந்தது. முதல் பள்ளத்திலேயே விழுந்தான். என் கணவர் தட்டில் வடையோடு வந்து நின்றுகொண்டு, "மச்சான், உங்களுக்குத்தான் பயிற்சி வேணும் போல" என்று சிரித்தார். அன்றைக்கு அண்ணன் கறிவேப்பிலைத் தொட்டியைக் காரிலிருந்து இறக்காமலே வீட்டுக்குக் கிளம்பிவிட்டு, பாதி வழியில் ஞாபகம் வந்து மறுபடியும் வந்தான்.

அடுத்த முறை பயிற்சிக்குப் போனபோது அந்தப் பெண் கோணம் அளக்கும் கருவியை என் மூட்டில் வைத்தார். அளந்துவிட்டு எடுத்தார், திரும்ப வைத்து அளந்தார். "நல்லா இருக்கு அக்கா" என்று சொல்லிவிட்டு, "எல்லாம் அந்தப் பெட்டியாலயா?" என்றார். கைப்பையிலிருந்து பெட்டியை எடுத்து மேஜைமேல் வைத்தேன். அறையிலிருந்த டிவியில் அதைச் சொருகிப் பார்க்க அவருக்கே ஆசை. சொருகிவிட்டு ஆடத் தொடங்கினேன். இயந்திரத்தில் கை மாட்டி விரல்கள் நசுங்கிய அங்கிள் ஒருவர், அதுவரை யாரோடும் பேசாமல் மூலையில் பந்தை அமுக்கிக்கொண்டிருந்தவர், எழுந்து வந்து என் பின்னால் நின்றார். "அது பள்ளம், அது பள்ளம், தாவு!" என்று எனக்குப் பாடம் நடத்தினார். இரண்டாவது கண்ட்ரோலரை அவர் கையில் கொடுத்தேன். பிடிக்கத் தெரியாமல் தலைகீழாகப் பிடித்தார். பயிற்சிப் பெண் திருத்தி வைத்தார்.

ஆனாலும் நூல் வேறு, பட்டன் வேறு என்று எனக்குத் தெரியும். டிவி மனிதனுக்கு எத்தனை உயிர் வேண்டுமானாலும் உண்டு. நாற்காலியில் சாயும் பெண்ணுக்கு இருப்பது ஒரு ஜோடி புருவம். அதனால் முதலில் என் கால்மேல் நூலை வைத்தேன். புதிதாகப் பழகும் பெண்களுக்கு நான் சொல்லிக்கொடுப்பதும் அதுதான், முதலில் உன் காலில் எடு என்று. முதல் நாள் நூல் தோலைக் கடித்தது, ஆங்காங்கே சிவந்து தடித்தது. சில நாளில் நூல் ஒரே கோட்டில் ஓடியது. முட்டிக்குக் கீழே ஒரு முடி மிச்சமில்லாமல் எடுத்து முடித்ததும் பார்லர் அக்காவுக்கு ஃபோன் போட்டேன்.

"நாளைக்கு வரேன்."

"கவுண்டருக்கா?" என்றார்.

"நாற்காலிக்கு."

கொமியூட்டர் ரயிலில் ஜன்னலோரம் உட்கார்ந்து போனேன். கடையைத் திறந்து வைத்திருந்தார். என் நாற்காலி இருந்த இடத்திலேயே இருந்தது, மேலே துண்டு மடித்துப் போட்டிருந்தது. புதிதாகச் சேர்ந்த பெண் ஒதுங்கி நின்று வணக்கம் சொன்னாள். யார்மேல் முதலில் எடுப்பது என்று நான் கேட்பதற்குள், அக்கா போய் நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார்.

"வேணாங்கா. அந்தப் பொண்ணு உங்களுக்கு எடுத்திருக்கும்ல?"

"எடுக்கல. நீ போனதிலிருந்து யாரையும் தொட விடல. பாரு, காடு மாதிரி கிடக்கு. ஆரம்பி."

நூலை உருவினேன், பல்லில் கடித்தேன். இடது புருவத்தின் கீழ்வரியில் வைத்து விரலை விரித்தேன். வலியில் அவர் கால்விரல்கள் மடங்கின.

"வலிக்குதா?"

"வலிக்காம எப்படி எடுப்ப? பேசாம எடு."

எடுத்தேன். இரண்டு புருவமும் முடிந்ததும் பவுடரைத் துடைத்துக் கண்ணாடியைக் கொடுத்தேன். அவர் வெளிச்சத்துக்குத் திரும்பி, தலையை இப்படியும் அப்படியும் சாய்த்து வெகுநேரம் பார்த்தார். குறை கண்டுபிடிக்காமல் அவருக்குத் தூக்கம் வராது என்று எனக்குத் தெரியும். கண்ணாடியை என்னிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு எழுந்தார். படிக்கட்டுப் பக்கம் போய்க் கதவைத் திறந்து, கீழே காத்திருந்த என் பழைய வாடிக்கைப் பெண்களைப் பார்த்து, "மேல வாங்கம்மா, ஆள் வந்தாச்சு" என்று குரல் கொடுத்தார்.