புளோறன்ஸ் எழுதிய நிலவு

கொட்டாஞ்சேனைப் புளோறன்ஸுக்குச் சந்தேகம் வந்தால் அது பதியுதீன் மேல்தான் வரும். கொழும்பு வெள்ளவத்தையில் சேலைக்கடைக்கு மேல்மாடியில் இருந்த சிறிய மென்பொருள் நிறுவனத்தில் இருவருக்கும் அடுத்தடுத்த மேசை. நிரல் எழுதுவது அவள். தரவுத்தளம் அவன் பொறுப்பு.

புறக்கோட்டை மொத்தக் கடையொன்றுக்கு அவள் எழுதிய விநியோக அட்டவணை நிரல் ஊர்ந்தது. கடை எழுத்தர் முத்துலிங்கம் பொத்தானை அழுத்திவிட்டுத் தேநீர் குடிக்கப் போய்விடுவார். திரும்பி வந்தாலும் திரையில் ஒன்றும் இராது. வெள்ளிக்கிழமைக்குள் சரியாகாவிட்டால் நிரலே வேண்டாம் என்று கடை முதலாளி சொல்லிவிட்டார். அவள் தனியாக எழுதிய முதல் நிரல் அது.

“உம்மட டேட்டாபேஸ்தான் நித்திரை,” என்றாள் பதியுதீனிடம்.

“மழை பெஞ்சாலும் நான்தானே,” என்றான் பதியுதீன். “அளந்து பாருங்க தாயே. புரொபைலர் எண்டு ஒண்டு ஈக்கிது. எந்த வேலைக்கு எவ்வளவு நேரம் போகுதெண்டு காட்டும்.”

அவள் அதைத் தொட்டதே இல்லை. அவன் குற்றம் வெளிப்படட்டும் என்றே நிறுவினாள். நிரலை அதன் கண்காணிப்பில் ஓடவிட்டாள். ஒவ்வொரு வேலைக்கும் ஒரு பட்டை வந்தது. நேரம் கூடக்கூட நீளம். தரவுத்தளத்தின் பட்டை நகத்தளவு. திரையின் அகலத்தை முழுக்கப் பிடித்திருந்தது அவளுடைய போயாக் கணிப்பு.

போயா என்னும் முழுநிலா விடுமுறையன்று லொறி ஓடாது. வருடாவருடம் யாரும் தேதிகளை ஏற்ற வேண்டியிராதபடி, நிலவைக் கணித்துப் போயாவைக் கண்டுபிடிக்கும் பகுதியொன்றை ஆசையாக எழுதியிருந்தாள். வீட்டு நாட்காட்டியோடு ஒப்பிட்டும் பார்த்திருந்தாள். சரியாகத்தான் இருந்தது. ஆனால் அட்டவணையின் ஒவ்வொரு வரிக்கும் அது நிலவை முதலிலிருந்து தேடியது.

பதியுதீன் எட்டிப் பார்த்தான். “சீனி மூட்டைக்கு ஒரு நிலவா?”

“வாயைப் பொத்தும்.”

வருடத்துக்கு ஒரு முறை கணித்து வைத்துக்கொள்ளும்படி மாற்றினாள். மறுபடி அளந்தாள். போயாவின் பட்டையைத் தேட வேண்டியிருந்தது.

வெள்ளிக்கிழமை இருவரும் கடைக்குப் போனார்கள். முத்துலிங்கம் பொத்தானை அழுத்திவிட்டு எழுந்தார்.

“அய்யா, இருங்கோ.”

திரும்பினார். அட்டவணை வந்திருந்தது.

“பிள்ளை, இது நேற்றையதோ?”

“இண்டையதுதான் அய்யா.”

அவர் நம்பவில்லை. காலையில் பதிந்த பருப்பு மூட்டைகளைத் தேடினார். இருந்தன. முதலாளியைக் கூப்பிட்டுக் காட்டினார். முதலாளி சரியென்று தலையாட்டிவிட்டுப் போனார்.

“அப்ப தேத்தண்ணி?” என்றார் முத்துலிங்கம், கவலையோடு.

புளோறன்ஸ் போய் வாங்கி வந்தாள். முதல் கோப்பையைப் பதியுதீனிடம் நீட்டினாள்.