வீட்டுக்காரர் காதில் போட்ட சேதி

விழுப்புரத்தில் எங்களுக்கு வீடு வாடகைக்கு விட்டிருந்தவர் நல்ல மனிதர்தான். கெட்டவராக இருந்திருந்தால் எங்களைத் துரத்தியாவது விட்டிருப்பார். அவர் போட்ட நிபந்தனை ஒன்றே ஒன்று: வீட்டைக் காலி செய்வதானால் ஒரு மாதம் முன்னதாக அவரிடமே நேரில் சொல்ல வேண்டும். வீட்டுக்காரம்மாவிடம் சொன்னால் செல்லாது.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுகளின் கடைசியில் அப்பாவுக்குத் திண்டிவனத்துக்கு மாற்றலாயிற்று. அங்கே வீடும் பார்த்தாகிவிட்டது. வைகாசிக்குள் சொன்னால் ஆனிக் கடைசியில் கிளம்பலாம். தவறினால் ஆடி வந்துவிடும். ஆடியில் யார் பால் காய்ச்சிக் குடிபோவார்கள்? ஆவணி வரை அப்பா அங்கே, நாங்கள் இங்கே. ஞாயிற்றுக்கிழமை ரயிலில் வந்து இறங்கும் அப்பாவைப் பார்த்து, யாரோ என்று என் கைக்குழந்தைத் தம்பி வீறிட்டு அழ ஆரம்பித்திருந்தான். அப்பா நீட்டிய கையை மடக்கிக்கொள்வார். எனக்குப் பொறுக்காது.

வாடகை தவறாத குடித்தனத்தை விட வீட்டுக்காரருக்கு மனமில்லை. எங்கள் தலை தெரிந்ததும் ஆள் மாயமாகிவிடுவார். "அவரு விக்கிரவாண்டி போயிக்கிறாருங்களே" என்பார் வீட்டுக்காரம்மா. உள்ளே அவருடைய இருமல் மட்டும் விக்கிரவாண்டிக்குப் போகாமல் இருக்கும்.

வைகாசிக் கடைசி வெள்ளிக்கிழமை மாலை அம்மா பட்டுப்புடவை கட்டினாள். பித்தளைத் தட்டில் வெற்றிலை பாக்கு, பழம், மஞ்சள் குங்குமம், காலையில் நான் வாங்கி வந்த கனகாம்பரம் எல்லாம் வைத்து, தெருப் பெண்கள் சிலரையும் அழைத்துக்கொண்டு புறப்பட்டாள். நானும் ஒட்டிக்கொண்டேன்.

வீட்டுக்காரம்மா வழக்கம்போல் விக்கிரவாண்டியை ஆரம்பித்தார்.

"பால் காச்சறதுக்கு அழைக்க வந்துகிறேங்க்கா. தம்பதியா நின்னு தட்டை வாங்கிக்கணும். ஒருத்தர் கையில குடுத்துட்டுப் போனா நல்லாவா இருக்கும்?" என்றாள் அம்மா.

வீட்டுக்காரம்மா ஒரு கணம் அம்மாவைப் பார்த்தார். பிறகு உள்பக்கம் திரும்பி, "ஏங்க, ஜல்தி வாங்க! தட்டு வந்துகிது!" என்று குரல் கொடுத்துவிட்டார்.

மல்லாட்டை என்று எங்கள் பக்கம் சொல்லும் வேர்க்கடலை மூட்டை அடுக்கிய அறையிலிருந்து, தலையெல்லாம் தூசியோடு வீட்டுக்காரர் வெளியே வந்தார். மங்கலத் தட்டை வேண்டாமென்று சொல்ல எவருக்குத் துணிவு வரும்? இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

"ஆனி கடைசியில வீட்டைக் காலி பண்றோம்ண்ணே. நேர்லயே சொல்லிட்டேன்."

"சரிம்மா" என்றார், இருமிக்கொண்டே.

நான் தெரு முழுக்கக் குதித்தேன். ஆனியில் திண்டிவனத்தில் பால் பொங்கியது. ஒரே வாரத்தில் தம்பி அப்பாவின் தோளை விட்டு இறங்க மாட்டேன் என்றான். சொன்ன பொய்யை மறந்து உளறிக்கொட்டிய வீட்டுக்காரம்மாவைப் போல் ஓர் அசடு உலகத்திலேயே கிடையாது என்று புதுப் பள்ளிக்கூடத் தோழிகளிடம் நடித்துக் காட்டினேன்.

அந்தக் கனகாம்பரம் அவர்கள் வீட்டுக் கொல்லையில் பூத்தது. "சாயங்காலம் தட்டுல வெக்கச் சொல்லு, அவரு வூட்லதான் இருப்பாரு" என்று மதிலுக்கு மேலே கை நீட்டி அதை என்னிடம் கொடுத்தவரும் அந்த வீட்டுக்காரம்மாவேதான். அசடு யார் என்பது மட்டும் எனக்கு அப்போது புரியவில்லை.