தோள் குலுங்கும் வரை

வெளியே அவருக்கு ‘ரெண்டு நாள்’ என்று பெயர். தொலைக்காட்சித் தொடரில், தங்கை வீட்டுக்கு ரெண்டு நாள் தங்கவந்து ஒன்பது வருடமாகக் கிளம்பாத மச்சான் வேடம். பல் டாக்டர்கூட அவர் வாய்க்குள் விளக்கைக் காட்டிக்கொண்டே, “எப்பதான் சார் கிளம்புறீங்க?” என்று கேட்டார். வாய் திறந்திருந்ததால் பதில் சொல்ல முடியவில்லை.

அதற்கு முன்பு ஃபிரிட்ஜ் விற்கும் கடையில் இருந்தார். கதவைத் திறந்து காட்டும்போது, உள்ளே விளக்கு எரிவதை முதல்முறை பார்ப்பவர்போல் வாயைப் பிளப்பார். வந்தவர்கள் வயிறு வலிக்கச் சிரித்துவிட்டு, வாங்காமல் போனார்கள். “நீ இருக்கவேண்டிய இடம் இது இல்லப்பா” என்றார் முதலாளி. அதை அவர் பாராட்டாகவே எடுத்துக்கொண்டார். வாங்காமல் போனவர்களில் ஒருவர் தொடரின் இயக்குநர்.

படப்பிடிப்பு வீட்டுக்கு மூன்று சுவர்கள். நான்காவது சுவர் இருக்கவேண்டிய இடத்தில் பார்க்க வந்த ஜனங்கள் உட்கார்ந்திருப்பார்கள்; அவர்கள் சிரிப்பும் தொடரில் பதிவாகும். அவருடைய வித்தை முழுக்கக் காத்திருப்பதில் இருந்தது. ஒரு வரியைச் சொல்லிவிட்டு நிற்பார். சிரிப்பு எழும்பி, உச்சிக்குப் போய், இறங்கத் தொடங்கும் இடத்தில் அடுத்த வரியை வைப்பார். அவசரப்பட்டால் வரி சிரிப்பில் மூழ்கிவிடும். தாமதித்தால் எல்லாம் ஆறிப்போகும்.

பத்தாவது வருடம் நிறுவனம் ஜனங்களை நிறுத்திவிட்டது. எங்கோ பதிவுசெய்த சிரிப்பைப் பிறகு ஒட்டிக்கொள்ளலாம் என்றார்கள். நாற்காலிகள் இருந்த இடத்தில் வயர்கள் சுருண்டு கிடந்தன.

அன்று அவர் சொன்ன வரி எங்கே போய் விழுந்தது என்று தெரியவில்லை. காத்திருந்தார்.

“வசனம் மறந்துடுச்சா?” என்றார் இயக்குநர்.

அடுத்த முறை நிற்காமல் சொன்னார்.

“ரயிலைப் பிடிக்கவா போறீங்க?”

சில வாரங்கள் இப்படியே போயின. பிறகு இயக்குநர் அவரைத் தனியே அழைத்தார். “இந்தத் தடவையும் சரியா வரலேன்னா மச்சானை ஊருக்கு அனுப்பிடுங்கன்னு மேல சொல்லிட்டாங்க. நான் என்னங்க செய்ய?”

அவருடைய அக்கா தையல் கடை வைத்திருந்தாள். மிஷினை நிறுத்தாமலே கேட்டுக்கொண்டாள்.

“வெறும் வயரைப் பாத்து எப்படிக்கா நடிக்கிறது?”

“நான் வந்து உக்காருறேன்டா.”

“நீயா? நீ சிரிச்சா பக்கத்துக் கடைக்காரரு ஷட்டரை எறக்குவாரு.”

“எறக்கட்டும். ஊரே சிரிக்கவேண்டியதை ஒருத்தி சிரிச்சா ஒங்க கம்பெனிக்கு லாபந்தானே?”

மறுநாள் வந்து உட்கார்ந்தாள். முதல் வரிக்கே ஒலிப்பதிவாளர் ஹெட்ஃபோனைப் பிடுங்கிப் போட்டார். “யாரும்மா அது? என் காது போச்சு!” அடுத்த முறை அக்கா வாயைப் பொத்திக்கொண்டாள். சிரிப்பு மூக்கு வழியாக வந்தது.

“ஒண்ணு அந்தம்மா போகணும், இல்ல நான் போகணும்” என்றார் ஒலிப்பதிவாளர்.

“கோவிச்சுக்காத தம்பி” என்று அக்கா பையிலிருந்து ஒரு துண்டை எடுத்தாள். நன்றாக மடித்து வாயில் திணித்துக்கொண்டாள். எடுங்கள் என்று கையைக் காட்டினாள்.

அவர் வரியைச் சொன்னார். சத்தமே இல்லை. ஆனால் அக்காவின் தோள்கள் குலுங்கின. கண்ணில் நீர் கோத்தது. குலுக்கம் தணியத் தொடங்கியபோது அடுத்த வரியை வைத்தார். இயக்குநர் நிறுத்தச் சொல்லவில்லை. கடைசிவரை சொல்லவில்லை.

“முதல்ல அந்தம்மாவுக்குத் தண்ணி குடுங்க” என்றார், முடிந்ததும். பிறகு அவர் பக்கம் திரும்பி, “அடுத்த வாரம் அக்கா இல்லாம இங்க கால் வைக்காதீங்க.”

வசனம் எழுதுபவருக்கு மட்டும் முகம் வாடியிருந்தது. “நடுவுல ஒரு ஜோக்குக்கு நிக்காமலே போய்ட்டீங்களே சார்?”

அக்கா துண்டை எடுத்தாள். “ஜோக்கா? எங்க இருந்துச்சு?”

ஒளிபரப்பு அன்று குடும்பமே டிவி முன்னால் உட்கார்ந்திருந்தது. ஒட்டிய சிரிப்பு ஒவ்வொரு இடைவெளியிலும் அளவெடுத்துத் தைத்ததுபோல் பொருந்தியது. அவர் நிற்காமல் போன அந்த ஒரு ஜோக்குக்கும் சிரிப்பு வந்தது. அவருடைய அடுத்த வரியை அப்படியே விழுங்கிவிட்டது.

அக்கா நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

“யாருடா இவங்க, நான் சிரிக்காத எடத்துல சிரிக்கிறது? நேர்ல வரச்சொல்லு. ஆளுக்கொரு துண்டு தர்றேன்.”