இரும்புக்கு மனசு தெரியும் என்றார்

என் கணவருக்கு ஒரு கொள்கை இருந்தது. இரும்புக்கு மனசு தெரியும் என்பார்.

அரியமங்கலத்தில் ஒரு பட்டறையில் வெல்டர் அவர். பாய்லருக்குப் போகிற குழாய்களை ஒட்டுகிற வேலை. ஒட்டிய இடத்தை எக்ஸ்ரே படம் எடுத்துப் பார்ப்பார்கள். உள்ளே காற்றுக் குமிழ் இருந்தால் படத்தில் கரும்புள்ளியாகத் தெரியும். வெட்டிவிட்டு மறுபடி செய்ய வேண்டியதுதான். புள்ளி ஏன் விழுகிறது என்று கேட்டால் ஈரம், அழுக்கு, துரு என்று ஊரே சொல்கிற காரணங்களைச் சொல்லுவார். சொல்லிவிட்டு, "பொண்டாட்டிகிட்ட சண்டை போட்டுட்டு வந்தவன் வச்ச ஜாயின்டா இருக்கும்" என்று முடிப்பார்.

நான் ஸ்ரீரங்கத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் பிளஸ் ஒன் பிள்ளைகளுக்கு இயற்பியல் எடுக்கிறவள். கல்யாணமான புதிதில் இதைக் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தேன். மனுஷர் அசரவே இல்லை.

"கெட்டியா இருக்கறப்ப ஒண்ணும் ஆகாதும்மா. உருகி நிக்கிது பாரு, அந்த நேரம்தான். அப்ப நம்ம மனசுல என்ன இருக்கோ அதை வாங்கி உள்ள வச்சுக்கும். ஆறினப்புறம் நீ தலைகீழா நின்னாலும் மாறாது."

இரும்புக்கு மட்டுமில்லை, உருவாகிக்கொண்டிருக்கிற எல்லாவற்றுக்கும் இதுதான் சட்டமாம். உறைகிற தயிர், பொங்குகிற இட்லி மாவு, பூசி ஈரம் காயாத சுவர், எதற்கும் விலக்கு கிடையாது. தயிர் உறையாமல் போனால் பாலை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "நேத்து யார் மேல கோவம்?" என்பார். பாக்டீரியா பற்றி நான் எடுத்த பாடமெல்லாம் வீண்.

இதனால் எங்கள் வீட்டில் ஒரு வழக்கம் வந்துவிட்டது. காலையில் சண்டை கூடாது. என்ன கோபம் இருந்தாலும் சாயங்காலம் அவர் ஆற்றுப் பாலம் தாண்டி வீடு வந்து, குளித்து, காபி குடித்த பிறகுதான். சொல்லப்போனால் நல்ல வழக்கம்தான். பாதி நாள் சாயங்காலத்துக்குள் எதற்குக் கோபப்பட்டேன் என்பதே மறந்துபோகும். மறந்துபோய்விட்டதே என்று வேறு எரிச்சலாக வரும்.

போன வருஷம் எனக்கு நாள் தள்ளிப்போனது. கல்யாணமாகி ஐந்து வருஷம் கழித்து. அரசுப் பள்ளி வேலைக்கான தேர்வுக்கு நான் ராப்பகலாகப் படித்துக்கொண்டிருந்த சமயம். பாத்ரூமில் நின்று அந்த இரண்டு கோடுகளைப் பார்த்தபோது என் மனசில் முதலில் வந்தது சந்தோஷம் இல்லை. ஐயோ, இப்ப வேண்டாமே என்றுதான் வந்தது. அரை நிமிஷம் இருக்குமா? அதற்குள் நானே என்னைத் திட்டிக்கொண்டு வெளியே வந்து அவரிடம் சொன்னேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

மூன்றாம் மாதம் கலைந்துவிட்டது.

டாக்டர் அம்மா நிறையச் சொன்னார். ஒன்றும் காதில் ஏறவில்லை. என் காதில் என் புருஷனின் சட்டம் மட்டுமே கேட்டுக்கொண்டிருந்தது. உருவாகிக்கொண்டிருந்த நேரம். நான் வேண்டாம் என்று நினைத்தேன். அது வாங்கி வைத்துக்கொண்டது. இயற்பியல் படித்த எவளாவது இப்படி நினைப்பாளா என்று கேட்கலாம். நான் நினைத்தேன். வெட்கமாகத்தான் இருக்கிறது, ஆனால் நினைத்தேன்.

மறுபடி வீட்டு வேலையில் இறங்கியபோது, தயிருக்கு உறை ஊற்றுவதை நிறுத்தினேன். பாக்கெட் தயிர் வாங்கினேன். மாவும் கடை மாவு. இரண்டு மாதம் பார்த்துவிட்டு ஒருநாள் அவர் கேட்டார்.

"என்னம்மா, தினம் கடை மாவா இருக்கு?"

"உங்க சட்டப்படிதான். என் கையால எதுவும் உருவாக வேண்டாம்."

அவருக்குப் புரியவில்லை. அப்புறம்தான் எல்லாவற்றையும் சொன்னேன். பாத்ரூம், இரண்டு கோடு, அந்த அரை நிமிஷம். சொல்லி முடித்ததும் என்னைத் திட்டுவார் அல்லது கட்டிக்கொள்வார் என்று நினைத்தேன். இரண்டும் இல்லை. முகம் வெளிறிப்போய் எழுந்து சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். சரி, நம் மேல் பழி ஊர்ஜிதமாகிவிட்டது என்று சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தேன்.

நாலு நாள் கழித்து, காலையில், தட்டில் உப்புமாவை வைத்தேன். ஒரு வாய் எடுத்தார்.

"இது உப்புமாவா, சிமென்ட்டா?"

நான் திகைத்துப் போனேன். காலை ஏழு மணி! அதோடு விட்டாரா? உங்க அம்மா உனக்கு ஒண்ணுமே சொல்லித்தரலையா என்றார். வீடு குப்பையாகக் கிடக்கிறது என்றார். எனக்குத் தலைக்கேறியது. பதிலுக்குப் பதில் கொடுத்தேன். கடைசியில் அவர், "இந்த வீட்டுக்கு வரவே பிடிக்கலை" என்று சொல்லிவிட்டுத் தட்டைத் தள்ளிவிட்டுப் போனார். வண்டியைக் கிளப்பியவர் வாசலை ஒருமுறை திரும்பிப் பார்த்தார். அன்றைக்குப் பள்ளிக்கூடத்தில் எந்த வகுப்பில் என்ன நடத்தினேன் என்று இன்றைக்கும் தெரியாது. அவர் இரவு வந்து சாப்பிடாமலே படுத்துக்கொண்டார். மறுநாளும் அப்படித்தான்.

அதற்கடுத்த நாள் சனிக்கிழமை. மத்தியானமே வந்துவிட்டார். கையில் ஒரு காக்கி உறை. என்னை இழுத்துக்கொண்டு போய் ஜன்னல் பக்கம் நிறுத்தி, உள்ளிருந்து ஒரு எக்ஸ்ரே படத்தை எடுத்து வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்தார்.

"டெஸ்ட் பீஸ். அன்னைக்குச் சண்டை போட்டுட்டுப் போனேன்ல, போன உடனே சோதனைக்கு வச்ச ஜாயின்ட். சூப்பர்வைசர்கிட்ட கெஞ்சி வாங்கிட்டு வந்தேன். பாரு."

சாம்பல் நிறத்துக்கு நடுவில் வெள்ளையாக ஒரு பட்டை. அவ்வளவுதான். இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை தேடினேன்.

"ஒரு புள்ளி இருக்கா? சொல்லு, இருக்கா? என் சட்டம் பொய்யிம்மா. நானா கட்டிவிட்டது. நீ அதைப் புடிச்சுக்கிட்டு..."

எனக்கு அழுகை முட்டியது. ஆனால் டீச்சர் புத்தி எங்கே போகும்? சோதனையில் ஓட்டை தேடுகிற புத்தி.

"நீங்க வேணும்னே போட்ட சண்டை. உங்களுக்கு நிஜமா கோவமே இல்ல. இது எப்படி செல்லும்?"

"கோவம் இருந்துச்சு."

"என் மேலயா?"

"என் மேல."

படத்தை இறக்கினார். என் முகத்தைப் பார்க்காமல் பேசினார்.

"அன்னைக்கு நீ வந்து சொன்னப்ப உன் கையைப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன்ல? எனக்குப் பயமா இருந்துச்சு. வாடகை வீடு, என் சம்பளம், உன் பரீட்சை. இப்ப வேணாமேன்னுதான் நினைச்சேன். நீ அரை நிமிஷம் நினைச்ச. நான் ரெண்டு நாள் நினைச்சேன்மா. கலைஞ்சதுலேர்ந்து இந்த டெஸ்ட் பீஸ் வரைக்கும் வெல்டிங் ராடையே தொடலை. கிரைண்டிங் வேலை போட்டுக் குடுங்கன்னு கேட்டு அதுதான் பாத்துக்கிட்டு இருந்தேன். நான்தான் பண்ணிட்டேன்னு இருந்தேன். நீ உன் மேல பழி போட்டுக்கிட்டப்ப, என்னால அங்க உக்காரவே முடியலை."

ஒரே வீட்டில், ஒரே பாயில், இரண்டு மாதம். ஆளுக்கொரு கொலைப் பழியைச் சுமந்துகொண்டு படுத்திருந்திருக்கிறோம். எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை.

"பைத்தியமா உங்களுக்கு? பயந்தா குழந்தை போயிடுமா? உலகத்துல பயப்படாம யாரு பெத்துக்கிட்டிருக்கா? நீங்க என்ன பண்ணீங்க? நீங்க ஒண்ணுமே பண்ணலை!"

கத்திக்கொண்டே இருந்தேன். அவர் தலையைக் குனிந்துகொண்டு கேட்டுக்கொண்டே இருந்தார். "ஒண்ணுமே பண்ணலைங்க" என்று மூன்றாவது முறை சொல்லும்போது என் குரல் உடைந்தது. அவருக்காகச் சொல்ல ஆரம்பித்ததுதான். அதற்குள் எனக்கும் கேட்டுவிட்டது.

அன்றைக்குத்தான் இரண்டு பேரும் எங்கள் குழந்தைக்காக அழுதோம்.