மண் பார்த்தவங்க

அக்காவுக்குப் பரிசோதனைக் கூடத்தில் மண் பார்க்கும் வேலை. தம்பி வீடு கட்டப் போகிறான் என்றதும் மனையில் குழி தோண்டி மண் எடுத்துப் போய்ச் சோதித்தாள். "களிமண்டா, ஈரம் பட்டா உப்பும். அஸ்திவாரத்தை இன்னும் ஆழமா போடு" என்று சொன்னதோடு, எழுதியும் கொடுத்தாள்.

தம்பிக்கு அவசரம். ஒரு குறிகாரரைக் கூட்டிவந்தான். அவரும் மண் பார்ப்பவர்தான். ஒரு பிடி மண்ணைத் தரையில் வீசி, அது விழுந்த விதத்தைப் பார்த்து, "ராசியான மண்" என்றார்.

தம்பி ஆழம் கூட்டாமலே வீட்டைக் கட்டி முடித்தான். முதல் மழைக்கே வீட்டின் கூடத்துச் சுவர் விரல் நுழையும் அளவு வெடித்தது. உறவுக்காரர்கள் கூடி நின்றபோது தம்பி கூசாமல் சொன்னான்: "மண் பார்த்தவங்க சொன்னபடிதான் கட்டினேன்."

எல்லார் கண்ணும் அக்கா மேல் திரும்பியது. "படிச்சவ நீ, இப்படியாம்மா பார்ப்ப?" என்றார் சித்தப்பா.

அக்கா ஓர் அடி முன்னால் வந்தாள்.

"மண் பார்த்தது ரெண்டு பேர், சித்தப்பா. நான் மண்ணைச் சோதிச்சுப் பார்த்தேன். இன்னொருத்தர் மண்ணை வீசிக் குறி பார்த்தார். யார் பேச்சைக் கேட்டான்னு அவனையே சொல்லச் சொல்லுங்க."

அலமாரியில் கிடந்த தான் எழுதிக் கொடுத்த காகிதத்தை எடுத்துத் தம்பி கையில் திணித்து, அத்தனை பேர் முன்னாலும் உரக்கப் படிக்க வைத்தாள். படித்து முடித்ததும் சித்தப்பா, "தப்பா நினைச்சுக்காதேம்மா" என்றார். அவள் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பினாள்.