பெட்டியை இழுக்கத் தெரியாத மேல்வீட்டு மாமா

காயாத பெயிண்ட் வாசனை... ப்ளைவுட்டுல செஞ்ச சுவர், சாஞ்சா கையோட வந்துடும். நடு ஹால்ல ஒரு தகரப் பெட்டி.

டிவி காமெடி சீரியல்ல எனக்கு அன்னைக்கு முதல் நாள். அதுக்கு முன்னாடி போஸ்ட்மேன், கரண்ட் ரீடிங் எடுக்கிறவர், வாட்ச்மேன்னு வாசல்லயே நின்னு திரும்புற வேஷம்தான் கிடைச்சுட்டு இருந்துச்சு. கதவைத் தாண்டி உள்ள வர்ற வேஷம் இதுதான் முதல்.

சீன் ரொம்ப சின்னது. மாடிக்குப் புதுசா குடிவர்றேன். பெட்டியைத் தரையில தரதரன்னு இழுத்துட்டுப் போகணும். அந்தச் சத்தத்துல கீழ்வீட்டுக்காரர் மத்தியானத் தூக்கம் கலைஞ்சு கத்தணும். ஒரு நாள் வேலை, அவ்வளவுதான்.

ஆக்‌ஷன்னாங்க. நான் குனிஞ்சு பெட்டியைத் தூக்கினேன். நாலு எட்டு நடந்தேன். மெதுவா கீழ வச்சேன்.

"யோவ், இழுக்கணும்யா!"

ரெண்டாவது டேக்... மறுபடியும் தூக்கிட்டேன். மூணாவதுலயும் அப்படியே. போதாக்குறைக்கு வாசல்ல செருப்பை வேற கழட்டி விட்டிருக்கேன். முந்தின ஷாட்ல கால்ல செருப்பு இருந்துச்சாம். கன்டினியூட்டி பாக்குற பொண்ணு தலையில கை வச்சுட்டா.

சென்னைக்கு வர்றதுக்கு முன்னாடி ஏழாயிரம்பண்ணையில ஆறு வருஷம் பட்டாசு கம்பெனியில வேலை பார்த்தவன் நான். எங்க பக்கம் அதை பயர் ஆபீஸ்ம்பாங்க. அங்க செருப்போட ரூமுக்குள்ள போகக் கூடாது. எதையும் தரையில இழுக்கவே கூடாது. உரசினா மருந்து பத்திக்கும். ஆறு வருஷம் தூக்கித் தூக்கி வச்ச கை... டைரக்டர் சொன்னா உடனே இழுத்துடுமா?

"ஒரு பெட்டியை இழுக்கத் தெரியாதாய்யா உனக்கு?"

"இழுக்கக் கூடாதுங்க சார்..."

வாய் தவறி வந்துருச்சு. லைட்மேன்ல இருந்து எல்லாரும் சிரிச்சிட்டாங்க. டைரக்டர் மட்டும் சிரிக்கல. இதையே வச்சுக்கலாம்னுட்டார்.

அப்படித்தான் ஒரு நாள் வேஷம் ஏழு வருஷம் ஓடுச்சு. மாடியில சத்தமே இல்லாம நடமாடுற மாமா. நாற்காலியைத் தூக்கி வைப்பார், கட்டிலைத் தூக்கி வைப்பார். திருடன் புகுந்துட்டான்னு கீழ்வீட்டுக்காரர் கம்போட ஓடி வருவார். "இழுக்கக் கூடாதுங்க"ன்னு நான் சொல்லுவேன். பஸ்ல, டீக்கடையில, எங்க போனாலும் பிள்ளைங்க அதைச் சொல்லிக் காட்டும். என் பேர் யாருக்கும் தெரியாது. அதுல எனக்கு வருத்தமும் இல்ல, சோறு போட்டது மாமாதானே.

ஒண்ணு மட்டும் உறுத்தும். எங்க அக்கா வீட்டுக்காரர், என் அத்தான், செத்துப் போனது பக்கத்துல இருந்த ஆள் அவசரத்துல ஒரு மருந்துத் தட்டை இழுத்ததாலதான். அக்கா அடுத்த ரூம்ல இருந்தா. சத்தம் கேட்டா திரும்பிப் பாக்காம ஓடணும்... அங்க அப்படித்தான் பழக்கம். அவளும் ஓடினா, பிழைச்சா. அதுக்கப்புறமும் அதே வேலைக்குத்தான் போனா. வேற என்ன வேலை இருக்கு அங்க?

அதை வச்சு தம்பிக்காரன் ஊரைச் சிரிக்க வைக்கிறான். சீரியல் பாக்குறியான்னு அக்காகிட்ட நான் கேட்டதே இல்ல. அவளும் சொன்னதில்ல.

அஞ்சாவது வருஷம் தீபாவளி ஸ்பெஷல் எபிசோடு. இந்தத் தடவை மாமா இழுக்கிறார்னு எழுதியிருந்தாங்க. அதுவும் பட்டாசுப் பெட்டி. இழுத்ததும் டமார்... எல்லார் மூஞ்சியிலயும் கரி. டைரக்டரைத் தனியா கூப்பிட்டு, "சார், இது மட்டும் வேண்டாமே"ன்னேன்.

அவர் கெட்டவர் இல்ல. பொறுமையாத்தான் சொன்னார். "அஞ்சு வருஷமா ஜனங்க இதுக்குத்தான் காத்திருக்காங்க. உங்களால முடியலன்னா சொல்லுங்க, மாமா ஊருக்குப் போயிட்டார்னு முடிச்சிக்கலாம்."

காரணத்தை நான் சொல்லல. சொல்லியிருந்தா ஒருவேளை மாத்தியிருப்பார். அத்தான் சாவைச் சொல்லியா சலுகை கேக்கிறதுன்னு ஒரு வீம்பு... இல்ல, பயம்தான். வேஷம் போயிடுமேங்கிற பயம்.

இழுத்தேன். ஒரே டேக். செட்டே கை தட்டுச்சு.

பொங்கலுக்கு ஊருக்குப் போனேன். அக்கா தோசை சுட்டுக்கிட்டே, நான் கேக்காமலே ஆரம்பிச்சா.

"ஒன் நாடகத்த ஒரு நாளு விடாம பாப்பேம்லே. எல்லாரும் சிரிப்பாக. நீ பொட்டியக் கீள வைக்கிற வரைக்கும் நான் மூச்சப் பிடிச்சிக்கிட்டே இருப்பேன். வச்ச பொறவுதான் எனக்கு உசுரு வரும்."

"தீபாவளிக்கும் பாத்தியாக்கா?"

"தரையில கர்ர்ருன்னு ஒரு சத்தம் கேட்டுச்சு பாரு... டிவின்னு எனக்குத் தெரியும்லே. காலு கேக்கலையே. வீட்ட விட்டு ஓடிட்டேன். தெரு முக்குல போயித்தான் நின்னேன். அன்னைக்கு எல்லாரும் என்னயப் பாத்துதான் சிரிச்சாக."

தோசையைத் திருப்பிப் போட்டா. "இன்னொண்ணு வைக்கட்டுமா?"ன்னா.

எனக்கு அவமானமா இருந்துச்சு. வாங்கிச் சாப்பிட்டேன்.

சீரியல் முடிஞ்சு ரொம்ப வருஷம் ஆச்சு. அப்பல்லாம் ஏழரை மணிக்கு டிவி முன்னாடி உக்காந்தாத்தான் உண்டு. இப்ப போன்ல துண்டு துண்டா எப்பவும் ஓடுது. எனக்கும் வெப் சீரிஸ்ல தாத்தா வேஷம் வருது. பெஞ்சு, பீரோ எதுன்னாலும் இழுத்துடுறேன்... கை பழகிருச்சு. தூக்கி வச்ச அத்தனை எபிசோடும் யாருக்கும் ஞாபகம் இல்ல. தீபாவளி வந்தா அந்த டமார் சீனைத்தான் ஆளாளுக்கு அனுப்புறாங்க. இதைப் படிக்கிற உங்கள்லயே நாலு பேர் அனுப்பினீங்க, பதிலுக்கு சிரிக்கிற பொம்மை போட்டேன்.

ஊருக்குப் போறப்ப இப்ப சக்கரம் வச்ச பெட்டிதான். பஸ்ஸை விட்டு இறங்கினதுல இருந்து வீடு வரைக்கும் உருட்டிட்டே போகலாம். அக்கா வாசல்லயே நிப்பா. அறுபதைத் தாண்டியாச்சு, முட்டி வலி வேற. "குடுலே"ன்னு என் கையில இருந்து பெட்டியை வாங்கி, அவளே தூக்கிட்டு உள்ள போவா.

நான் தூக்குறேன்க்கான்னு சொன்னாலும் தர்றதில்ல.