திறந்த கேட்டில் கட்டிய நாய்

பாதையில் இருக்கும் கேட்டைப் பூட்டக் கூடாது என்று ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட் உத்தரவு போட்டது. அப்பா பூட்டவில்லை. இரண்டு கதவையும் அகலத் திறந்துவைத்து, தூணில் எங்கள் நாயைக் கட்டினார். அசல் ராஜபாளையம் நாய். வெள்ளை வெளேரென்று இடுப்புயரம் நிற்கும். வீட்டாரைத் தவிர யாரையும் அண்ட விடாது.

"பூட்டாதன்னுதான போட்டிருக்கு? நாயக் கட்டாதன்னு எங்க போட்டிருக்கு?" என்று மீசையைத் தடவிக்கொண்டார். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க வேண்டுமே!

எங்கள் தோப்பு வழியாகப் பின்வீட்டுக்குப் போகிற பாதை அது. பின்வீட்டு அக்காவின் கணவருக்குச் சிறுநீரகம் பழுது. டயாலிசிஸுக்குப் போக ஆட்டோ அவர் வாசல்வரை வந்தாக வேண்டும். நாயைப் பார்த்ததும் ஆட்டோக்காரர்கள் ரோட்டிலேயே நின்றுவிட்டார்கள். அக்காவும் அவள் தம்பியும் அவரைப் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்து, தோப்பைச் சுற்றி ஓடைக்குள் இறங்கி ரோட்டுக்குத் தூக்கிப் போனார்கள். அவர் என்னைப் பார்த்துச் சிரித்தார். நான் துணி காயப்போடுகிற சாக்கில் திரும்பிக்கொண்டேன். நாயை அவிழ்க்கும்படி அப்பாவிடம் சொல்லாமல் இல்லை. "நீ பேசாம இரிட்டி" என்றார். பள்ளிக்கூடத்தில் டீச்சராக ஊரான் பிள்ளைகளுக்கெல்லாம் நியாயம் சொல்கிற நான், பேசாமல்தான் இருந்தேன்.

உத்தரவை மீறியதாக அக்கா மறுபடி மனுப் போட்டாள். ஜெயிலுக்கே அனுப்பலாம் என்று எங்கள் வக்கீல் சொன்ன பிறகுதான் அப்பாவின் ஆட்டம் அடங்கியது.

"கேட்டில் நாயைக் கட்டியது யார்?" என்று நீதிபதி கேட்டார்.

அப்பா திரும்பி, பெஞ்சில் இருந்த என்னைக் காட்டினார். "எம் மக வளக்குற நாய்ங்கய்யா. அவதான் கட்டிருக்கா. எனக்குத் தெரியாது."

கோர்ட்டே என்னைப் பார்த்தது. உண்மையைச் சொன்னால் அப்பாவுக்கு ஜெயில். வாயைத் திறக்கவில்லை. உடம்பெல்லாம் கூசியது. இதை எழுதும்போதும் கூசுகிறது.

அக்காதான் எழுந்தாள். "அய்யா, அந்தப் பிள்ளைய ஒண்ணும் பண்ணிராதிய. அது பாவம். எங்களுக்கு வழி விட்டாப் போதும்."

நீதிபதி அப்பாவை ஏற இறங்கப் பார்த்தார். இன்றைக்கே நாய் அங்கிருந்து போக வேண்டும், இன்னொரு தடவை என்றால் ஜெயில்தான் என்றார். வக்கீல் சொல்லிக்கொடுத்த நிபந்தனையற்ற மன்னிப்பை அப்பா ஒப்பித்தார். அது கோர்ட்டுக்கு. பக்கத்தில் நின்ற அக்காவிடம் ஒரு வார்த்தை இல்லை.

ராஜபாளையம் பஸ்ஸில் அப்பா முன்னால் போய் உட்கார்ந்துகொண்டார். அக்கா நகர்ந்து எனக்கு இடம் விட்டாள். அவள் முகத்தைப் பார்க்க எனக்கு முகமில்லை. வன்னியம்பட்டி தாண்டியதும் அவளே என் கையைத் தொட்டாள். ஜெயித்தவள் அவள். கோர்ட்டே அவள் பக்கம்.

"காலைல ஆட்டோ வரும்ட்டி. அவுகள ஏத்துற வரைக்கும் செத்த நேரம் நாயப் பிடிச்சுக்கிடுதியா? உனக்குக் கோடிப் புண்ணியம்" என்று கெஞ்சினாள்.